சாமி மாடத்தில் சின்னம்மா

பழைய பேசும்படங்களைப் பற்றி எழுதுகிறவர் ஒருவர் போன தை மாதம் எங்கள் வீட்டுக்கு வந்தார். நல்ல மாதிரி. செருப்பை வாசலில் விட்டு, கால் கழுவிக்கொண்டுதான் உள்ளே வந்தார். என் மகனுக்கு ஆபீஸ் வழியில் பழக்கமாம். அவர் தேடி அலைவது ஒரு அம்மன் படத்தை. நான் கல்யாணம் ஆகாத பெண்ணாக இருந்தபோது வந்த படம். சுருள்கள் எங்கேயோ தொலைந்து போயின, இனி யாராலும் அதைப் பார்க்க முடியாது என்றார். ஆனாலும் மதுரையில் அந்தப் படத்துக்கென்று ஒரு கூட்டம் இருக்கிறதாம். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற கிழவர்கள். சிம்மக்கல்லில் ஒரு காப்பிக் கடையில் கூடி, கடைசியில் அம்மன் கண் திறக்கிற அந்த ஒரு இடத்தையே பேசிக்கொண்டிருப்பார்களாம். அவர்கள் வீட்டுப் பெண்களுக்கு அந்த நேரமாவது நிம்மதியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

"அம்மனா நடிச்சது யாருன்னுதாம்மா தெரியல," என்றார் அவர். "ஒருத்தர் வங்காளத்துப் பொண்ணுங்கிறார். ஒருத்தர், அது பொம்பளையே இல்ல, ஸ்திரீபார்ட் போடுற ஆம்பளைங்கிறார். படம் முடிஞ்ச கையோட காசிக்குப் போயி சாமியாராயிட்டாங்கன்னு இன்னொருத்தர் சத்தியம் பண்றார்."

சொல்லிக்கொண்டே நிமிர்ந்தவர், எங்கள் சுவரில் மாட்டியிருந்த படத்தைப் பார்த்துவிட்டார். வாய்க்குப் போன டம்ளர் பாதியில் நின்றுவிட்டது.

"இது உங்களுக்கு எங்க கிடைச்சது?"

"மாமியார் வீட்டுச் சொத்து," என்று சொல்லிவிட்டு நான் அடுப்படிக்குள் போய்விட்டேன். அவர் கிளம்புகிற வரைக்கும் வெளியே வரவில்லை. வேற்று ஆள் எதிரே உட்கார்ந்தால் எனக்கு நாக்கு எழாது. இந்த வயதிலும் அப்படித்தான். அவர் போன பிறகு மகன் சடைத்துக்கொண்டான். "தெரிஞ்சதச் சொன்னா கொறஞ்சா போயிருவ?" என்றான். எழுதித் தருகிறேன் என்று சொன்னேன். அஞ்சாம் வகுப்புப் படிப்புதான். ஆனாலும் காகிதம் நம் முகத்தைப் பார்க்காது, அதனால் எழுத வெட்கமில்லை.

அந்தப் படத்தில் சூலத்தோடு நிற்கிற அம்மன் என் சின்னம்மா. என் அம்மாவின் கூடப் பிறந்த தங்கை. வங்காளமும் இல்லை, காசியும் இல்லை. சிம்மக்கல்லில் ஆற்றுக்குப் போகிற சந்தில் எங்கள் வீட்டிலேயே வளர்ந்தவள்.

சின்னம்மாவுக்கு இரண்டு காரியம் நன்றாக வரும். ஒன்று பேச்சு. காலையில் பல் விளக்கும்போது தொடங்கினால் படுக்கும்போதுதான் முடியும். கேட்க ஆள் இல்லாவிட்டால் ஆட்டுரலோடு பேசுவாள். இன்னொன்று, கண்ணைச் சிமிட்டாமல் இருப்பது. எங்கள் சந்தில் பிள்ளைகளுக்குள் அது ஒரு விளையாட்டு. எதிரெதிரே உட்கார்ந்து முறைத்துப் பார்க்க வேண்டும், முதலில் சிமிட்டுகிற ஆள் தோற்ற ஆள். கல்யாணமானவள் இப்படிப் பிள்ளைகளோடு உட்காரலாமா என்று அம்மா திட்டினாலும் சின்னம்மா வந்து உட்கார்ந்துவிடுவாள். அவளை ஜெயித்தவர்கள் கிடையாது. எனக்கு நாலு வயதோ அஞ்சு வயதோ இருக்கும், அவளை எப்படியாவது சிமிட்ட வைக்க வேண்டும் என்று ஒரு கொட்டாங்கச்சிச் சில்லை எறிந்தேன். அது இடது புருவத்தைப் பிளந்துவிட்டது. ரத்தம் கண்ணோரமாக இறங்குகிறது. அப்போதும் இமை அசையவில்லை. "நீதான் தோத்த, புள்ள," என்றாள். அந்தப் புருவம் பிறகு சேரவே இல்லை. நடுவில் வரப்பு வெட்டின மாதிரி ஒரு வெட்டு நின்றுவிட்டது.

அவள் வீட்டுக்காரர் ரங்கூனுக்குப் போனவர். போனதோடு சரி. நல்ல சேதியும் வரவில்லை, கெட்ட சேதியும் வரவில்லை. பூ வைத்துக்கொள்ளலாமா கூடாதா என்று ஊர் அவளுக்காக யோசித்துக்கொண்டிருந்தபோது, அவள் பூவும் வைத்துக்கொண்டு வேலைக்கும் போனாள். ஆற்றோரம் கொட்டகை போட்டிருந்த ஒரு நாடகக் கம்பெனிக்குத் துணி தைக்கிற வேலை. ராஜா உடுப்புக்கு ஜரிகை வைப்பது, கிழிந்த தேவலோகத்தை ஒட்டுப் போடுவது. அப்பா சிம்மக்கல் புளி மண்டியில் எடை போடுகிறவர், கண்டிப்பானவர். "தைக்கிறது தப்பில்ல. திரைக்கு முன்னால தலையக் காட்டக் கூடாது," என்று ஒரே ஒரு நிபந்தனை போட்டார். சின்னம்மாவும் அதற்கு ஒப்புக்கொண்டாள்.

பிறகு அந்தக் கம்பெனி பேசும்படம் எடுக்க வடக்கே போனது. தைக்க ஆள் வேண்டும் என்று அவளையும் கூட்டிப்போனார்கள். அங்கே நடந்ததை அவள் பின்னால் எனக்கு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாள். தடவைக்குத் தடவை கொஞ்சம் வளரும். வளராத பாகத்தை மட்டும் எழுதுகிறேன்.

அந்தக் காலத்தில் கூரையில்லாத கொட்டகையில் பகல் வெளிச்சத்தில் படம் பிடிப்பார்களாம். வெள்ளித் தாள் ஒட்டின பெரிய பலகைகளை ஆட்கள் பிடித்து நின்று, வெயிலைத் திருப்பி முகத்தில் அடிப்பார்கள். அம்மனாக நடிக்க வந்திருந்தது நல்ல சிவப்பான பெண். ஆனால் பலகையைத் திருப்பினால் கண்ணை இறுக்கி மூடிக்கொள்ளும். கண் திறந்து அசுரனைப் பார்க்க வேண்டிய இடத்தில் அம்மன் தும்மினாளாம். படம் எடுக்கிறவருக்குக் கோபம். அதை அந்தப் பெண்ணிடம் காட்ட முடியாமல், சேலைக் கொசுவம் சரியில்லை என்று சின்னம்மாவைப் பிடித்துக் கத்தியிருக்கிறார். சின்னம்மா கையில் ஊசியோடு அவரைப் பார்த்தாள். வெயில் முழுவதும் அவள் முகத்தில். சிமிட்டவில்லை. கத்திக்கொண்டிருந்தவர் எதற்குக் கத்தினோம் என்பதை மறந்துவிட்டாராம். "கிரீடத்த இவளுக்கு வைங்கப்பா," என்றாராம்.

ஒரு சிக்கல் இருந்தது. சின்னம்மாவின் குரல் தகரம் வெட்டுகிற கடையில் வருகிற சத்தம். இரண்டு வார்த்தை சொல்ல வைத்துப் பார்த்துவிட்டு, அம்மன் பேச வேண்டாம், பார்த்தால் போதும் என்று முடிவு செய்துவிட்டார்கள். பேசும்படத்தில் பேசாத ஆள் எங்கள் சின்னம்மா. அவள் ஆயுசில் அம்புட்டு நேரம் வாயை மூடிக்கொண்டு இருந்ததும் அங்கேதான். அந்த வெளிச்சத்தில் கண்ணெரிச்சல் தாங்காமல் தண்ணீர் கொட்டியிருக்கிறது. அதையும் பிடித்துவிட்டார்கள். கொட்டகையில் பார்த்தவர்கள், ஆத்தா நமக்காக அழுகிறாள் என்று கற்பூரம் கொளுத்தினார்கள்.

சிம்மக்கல்லில் கொட்டு அடித்துக்கொண்டு வந்த வண்டியிலிருந்து அப்பாவின் கையிலும் சின்னம்மா முகம் போட்ட ஒரு நோட்டீஸ் விழுந்தது. பார்த்தார். நாலாகக் கிழித்தார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சின்னம்மா என்ற பேச்சு இல்லை. அம்மா மட்டும் அடுப்பு ஊதும்போது கண்ணைத் துடைப்பாள். கேட்டால் புகை என்பாள். நானும் அந்தப் படத்தைப் பார்க்கவில்லை. கடைசி வரை பார்க்கவே இல்லை.

எனக்கு மாப்பிள்ளை அமைந்தது உசிலம்பட்டிக்கு இந்தப் பக்கம் ஒரு ஊரில். மானாவாரி நிலம், நாலு மாடு, மழையை நம்பின குடும்பம். கல்யாணத்துக்கு முந்தின நாள் அம்மா என்னை ஓரமாகக் கூட்டிப்போய்த் தலையில் கையை வைத்தாள்.

"அந்த வீட்டுல போயி உன் சின்னம்மா பேச்ச எடுத்துராத. அவுக பங்காளி வீட்டு மருமக ஒருத்தி. அவ அண்ணன் நாடகத்துல பபூன் வேஷம் கட்டுனான்னு தெரிஞ்சதும், வண்டி கட்டிக் கொண்டுபோயி பொறந்த வீட்டு வாசல்ல எறக்கிவிட்டுட்டாக. முன்னால நின்னு அனுப்புனதே உன் மாமியார்தானாம்."

"நான் யார்கிட்ட பேசப்போறேன்?" என்றேன். அது அம்மாவுக்கும் தெரியும். ஊமை மாதிரி ஒரு பெண் பிறந்ததில் அம்மா சந்தோஷப்பட்டது அன்றைக்கு மட்டும்தான்.

புது வீட்டில் வலது காலை எடுத்து வைத்து உள்ளே போனதும், விளக்கு ஏற்றச் சொல்லிச் சாமி மாடத்துக்கு முன்னால் நிறுத்தினார்கள். சுவரில் விளக்கு வைக்கிற மாடம், அதற்கு மேலே கண்ணாடி போட்ட படங்கள். முருகன் இருந்தார், லட்சுமி இருந்தாள். நடுவில், எல்லாவற்றையும் விடப் பெரிய மாலையோடு சின்னம்மா இருந்தாள்.

தலையில் கிரீடம், கையில் சூலம், வேப்பிலை மாலை. எல்லாம் புதுசு. ஆனால் அந்தப் பார்வை எனக்குத் தெரியும். இடது புருவத்து வெட்டும் தெரியும், அது என் கைவேலை. தீக்குச்சி விரலைச் சுடுகிற வரைக்கும் பார்த்துக்கொண்டே நின்றேன். "பக்தியான புள்ள," என்று பின்னால் யாரோ சொன்னார்கள்.

படம் வந்த கதையை அத்தையே சொன்னாள். மாமியாரை நான் அத்தே என்றுதான் கூப்பிடுவேன். ஒரு கோடையில் ஊரெல்லாம் கண்நோய் வந்து, அத்தைக்குக் கண் ரத்தமாகச் சிவந்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. உசிலம்பட்டிச் சந்தைக்கு வந்த இடத்தில் டெண்டுக் கொட்டகையில் அம்மன் படம் என்று கேள்விப்பட்டு, ஒரு கண்ணை முந்தானையால் பொத்திக்கொண்டு போய் உட்கார்ந்திருக்கிறாள். ஆத்தா கண் திறந்து அழுதிருக்கிறாள், அத்தையும் கூட அழுதிருக்கிறாள். விடிந்து பார்த்தால் கண் தெளிந்துவிட்டது. அழுத கண்ணீரில் கழுவிக்கொண்டு போயிருக்கும் என்று எனக்குத் தோன்றியது. தோன்றியதைச் சொல்லுகிற பழக்கம் எனக்கு இல்லை. சொல்லுகிற நிலைமையும் இல்லை. அத்தை கொட்டகை வாசலில் கிடந்த நோட்டீஸை எடுத்து மடியில் முடிந்துகொண்டு வந்து, மதுரையில் கண்ணாடி போடுகிற கடையில் கொடுத்துச் சட்டம் போட்டு வாங்கிவிட்டாள். கடைக்காரர் எழுத்து இருந்த பக்கத்தை வெட்டிவிட்டார். அத்தைக்குப் படிக்கத் தெரியாது. அது சினிமா நோட்டீஸ் என்று நினைவு வைத்திருக்கவும் அவளுக்கு விருப்பமில்லை.

வெட்டினதில் ஒரு வரி தப்பித்து, அம்மன் காலடியில் ஒட்டிக்கொண்டிருந்தது. வீட்டுக்குப் படித்த மருமகள் வந்திருக்கிறாள் என்று அத்தை என்னை அதைப் படிக்கச் சொன்னாள். படித்தேன்.

"பெண்களுக்குத் தனி இடம் உண்டு."

கொட்டகையில் உட்காருகிற இடத்தைத்தான் போட்டிருந்தார்கள். அத்தை கன்னத்தில் போட்டுக்கொண்டாள். "பாத்தியா. ஆத்தா வாக்கு," என்றாள்.

செவ்வாயும் வெள்ளியும் ஊர்ப் பெண்கள் வருவார்கள். கண்வலி, கண்கட்டி, தூசி விழுந்தது, எதுவானாலும் சரி. படத்துக்கு முன்னால் வைத்த வேப்பிலைத் தண்ணீரை அத்தை கையால் கண்ணில் ஊற்றுவாள். தண்ணீர் ஊற்றினால் தூசி போகத்தானே செய்யும். குணமானவர்கள் வெள்ளியில் கண்மலர் வாங்கி வந்து படத்துச் சட்டத்தில் மாட்டினார்கள். சின்னம்மாவைச் சுற்றிச் சின்னச் சின்ன வெள்ளிக் கண்கள். அதற்கு முன்னால் அந்த வீட்டில் அத்தை வாயைத் திறந்தால் மாமா, "போயி மாட்டப் பாரு," என்பாராம். இப்போது ஊர்க்கூட்டத்துக்குப் போகும் முன்பு, "ஆத்தாகிட்ட ஒரு வார்த்த கேட்டுச் சொல்லு," என்கிறார். இந்த மரியாதையெல்லாம் என் சின்னம்மாவின் இமைமேல் நிற்கிறது என்று எனக்கு மட்டும்தான் தெரியும். ஒரு வார்த்தை வெளியே வந்தால் அத்தைக்கு ஊர் சிரிக்கும், எனக்கு வண்டி கட்டுவார்கள்.

தினமும் காலையில் விளக்கு ஏற்றுவேன். "சின்னம்மா, என்னக் காட்டிக் குடுத்துராத," என்று வேண்டிக்கொள்வேன். அவள் எங்கே இருக்கிறாள் என்று தெரியாததால் வேண்டுவதற்கு வசதியாக இருந்தது.

உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த வருஷங்களில் ஒரு நாள், நல்ல வெயிலில், வாசலில் தகரப்பெட்டி வைக்கிற சத்தம் கேட்டது. கூடவே தகரக் குரலும் கேட்டது.

"ஏ புள்ள. இந்த ஊருக்கு வாரதுக்குள்ள ரெண்டு பஸ் மாறி, ஒரு மாட்டு வண்டிக்காரனோட சண்டையும் போட்டுட்டேன். குடிக்கத் தண்ணி குடு."

சின்னம்மா நெற்றியில் கையை வைத்து வெளிச்சத்தை மறைத்துக்கொண்டு நின்றாள். இரண்டு கண்ணும் சிவந்து, ஓரம் புழுத்த பழம் மாதிரி இருந்தது. அம்மன் வேஷம் போட்டவளுக்கு வேறு வேஷம் கொடுக்கப் பயந்தார்களாம். மறுபடி தைக்கத்தான் விட்டார்கள். அந்தப் பலகை வெளிச்சத்தில் கெட்ட கண்ணுக்கு ஊசிக் காது தெரியவில்லை, அதுவும் போயிற்று. சிம்மக்கல் வீட்டுக்கு அப்பா விடமாட்டார். அம்மாவுக்குத் தெரிந்தவர்களிடம் விசாரித்து என் ஊரைக் கண்டுபிடித்து வந்துவிட்டாள்.

அதற்குள் அத்தை வெளியே வந்துவிட்டாள். "எங்க சின்னம்மா, அத்தே," என்று மட்டும் வந்தது. கல்யாணத்தில் ஏன் காணோம் என்று அத்தை கேட்பதற்குள் சின்னம்மாவே தொடங்கிவிட்டாள்.

"மதினி, நான் வெளியூருல தையல் வேலை. இவ கல்யாணத்துக்கு வர லீவு குடுக்கல. அம்புட்டுப் பெரிய வேலையான்னு கேக்காதீக, அம்புட்டுப் பெரிய வேலைதான்."

அத்தை அவள் முகத்தைப் பார்த்தாள். நான் அந்தப் புருவத்து வெட்டைப் பார்த்தேன். ஆனால் அத்தை பார்த்தது கண்ணில் இருந்த சிவப்பை.

"என்ன மதினி, கண்ணு இப்பிடி இருக்கு? நல்ல எடத்துக்குத்தான் வந்திருக்கீக. எங்க வீட்டு ஆத்தா கண்ணுக்குன்னே இருக்கா. வாங்க உள்ள."

கையைப் பிடித்து மாடத்துக்கு முன்னால் கூட்டிப்போனாள். நான் தண்ணீர்ச் செம்போடு பின்னாலேயே போனேன். சின்னம்மாவுக்குத் தூரத்தில் பார்வை தெரியவில்லை. கிட்டே போனாள். இன்னும் கிட்டே போனாள். மூக்கு கண்ணாடியில் முட்டுகிற அளவுக்குப் போய் நின்றாள். அப்படியே நின்றாள். அவள் வாயிலிருந்து சத்தம் வரவில்லை. அது எனக்கு வண்டியைவிடப் பயமாக இருந்தது.

கடைசியில், "மதினி," என்றாள். "இந்த ஆத்தாவுக்கே கண்ணுவலி இருக்கும்போல இருக்கே. தண்ணி ஊத்துது."

"அது ஊர் வலி. நம்ம வலிய அவ வாங்கிக்கிறா."

"அதான் பாத்தேன். யாரோடதோ ஒரு வலின்னு தெரியுது."

திரும்பி என்னைப் பார்த்தாள். நான் கண்ணாலேயே கெஞ்சினேன். அவளுக்கு அது தெரிந்ததோ என்னவோ, செம்பை வாங்கிக் குடித்துவிட்டு, "சேலைக் கொசுவம் நல்லா வச்சிருக்காக," என்றாள்.

மறுநாள் செவ்வாய்க்கிழமை. பெண்கள் வந்துவிட்டார்கள். சின்னம்மாவைத் தோட்டத்துப் பக்கம் அனுப்பிவிடலாம் என்று நான் வழி தேடினேன். அத்தை விடவில்லை. "வந்தவுகளுக்கு மொதல்ல," என்று அவளை முன்வரிசையில் உட்கார வைத்தாள். தலைக்கு மேலே படம், அதற்கு நேர் கீழே ஆள். நான் வேப்பிலையைப் பிடித்துக்கொண்டு தூணோரம் நின்றேன்.

கடைசி வீட்டுக்காரி ஒருத்தி இருந்தாள். யார் வீட்டு மாடு யார் கொல்லையில் நுழைந்தது என்பதை மாட்டுக்கு முன்னால் தெரிந்துகொள்கிறவள். அவள் மேலேயும் கீழேயும் பார்த்தாள்.

"ஏக்கா, இந்தம்மா புருவத்துலயும் வெட்டு இருக்கு."

எல்லாரும் படத்தை நிமிர்ந்து பார்த்தார்கள். ஆத்தா புருவத்து வெட்டு அசுரனோடு சண்டை போட்டதில் பட்டது என்று அத்தை ஊருக்கே சொல்லி வைத்திருந்தாள். அத்தை படத்தைப் பார்த்தாள். சின்னம்மாவைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். என் முகத்தில் என்ன எழுதியிருந்ததோ, படிக்கத் தெரியாத அத்தை அதை ஒரு எழுத்து விடாமல் படித்துவிட்டாள். வெளியே கட்டியிருந்த மாடுகளைப் பார்த்தேன். எந்த ஜோடியை வண்டியில் பூட்டுவார்கள் என்றுகூட யோசித்துவிட்டேன்.

சின்னம்மா சும்மா இருக்கவில்லை. புண்ணான கண்ணைத் திறந்து கடைசி வீட்டுக்காரியைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். அந்த அம்மாள் இரண்டு தடவை சிமிட்டினாள், மூன்றாவது தடவை தரையைப் பார்த்துக்கொண்டாள். சின்னம்மாவின் வாய் என்னவோ சொல்ல அசைந்தது. இனி தகரக் குரலும் வந்துவிட்டால் எல்லாம் முடிந்தது.

அதற்குள் அத்தை செம்பை எடுத்துவிட்டாள்.

"ஆத்தா அவளுக்குப் புடிச்சவுகளுக்கு அடையாளம் வப்பா. எனக்கு முழங்கால்ல வச்சிருக்கா. ஒனக்கு எங்கயும் வைக்கலையேன்னு வருத்தமா?" என்றாள் கடைசி வீட்டுக்காரியிடம். எல்லாரும் சிரித்தார்கள். "மதினி, வாய மூடிக்கிட்டுக் கண்ணத் தெறங்க. தண்ணி ஊத்தணும்."

சின்னம்மா வாயை மூடிக்கொண்டாள். அவள் ஆயுசில் அது இரண்டாம் தடவை.

பெண்கள் போன பிறகு அத்தை அடுப்படியில் கேப்பை மாவு சலித்துக்கொண்டிருந்தாள். நான் வாசல்படியில் நின்றேன். சல்லடையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள்.

"அந்த வெட்டு எப்பிடிப் பட்டுச்சு?"

"நான் கொட்டாங்கச்சி எறிஞ்சேன், அத்தே."

"எந்தக் கையி?"

"வலது கை."

"அந்தக் கையாலதான் தெனமும் வௌக்கு ஏத்துறியாக்கும்."

சல்லடை நிற்கவில்லை. எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது. "என்ன அனுப்பிருவீகளா, அத்தே? பங்காளி வீட்டுல பபூன் தங்கச்சிய அனுப்புன மாதிரி?"

"அவ அண்ணன் பபூனு. ஒன் சின்னம்மா ஆத்தா. ரெண்டும் ஒண்ணா?" என்றாள். கொஞ்சம் சலித்தாள். "அதோட, அனுப்புனா ஊருக்கு என்ன காரணம் சொல்றது? இம்புட்டு நாளா நாம கும்பிட்டது இவ வீட்டுத் தையக்காரியன்னு சொல்லவா? போ, போயி மூஞ்சியக் கழுவு."

நான் போகவில்லை. "படத்த எடுத்துருவமா அத்தே?" என்று கேட்டேன்.

"எதுக்கு எடுக்கணும்? என் கண்ணு நல்லா ஆனது நெசந்தான?" என்றாள். அதில் அவளுக்குச் சந்தேகமே இல்லை. பிறகு குரலைத் தாழ்த்தி, "நாளைக்கு வண்டி கட்டச் சொல்லியிருக்கேன்," என்றாள்.

நான் மறுபடி வெளியே மாடுகளை எட்டிப் பார்த்தேன்.

"ஒனக்கில்ல. தல்லாகுளத்துப் பக்கம் கண் டாக்டர் ஒருத்தர் இருக்காராம். ஒன் புருசனக் கூட்டிக்கிட்டு அவளப் போயிக் காட்டிட்டு வாங்க. ஊருக்கெல்லாம் ஆத்தா பாப்பா. ஆத்தாவுக்கு யாரு பாக்குறது? வேப்பிலத் தண்ணியெல்லாம் அவளுக்குப் பத்தாது."

அப்படித்தான் போனோம். என் வீட்டுக்காரருக்கு வழியில் விஷயத்தைச் சொன்னேன். அவர் அந்தப் படத்தைக் கொட்டகையில் பார்த்தவர். உசிலம்பட்டி ரோடு முடிகிற வரைக்கும் திரும்பித் திரும்பிப் பார்த்தார். "சின்னத்த, என் கண்ணு முன்னால அசுரனக் கொன்னது நீங்கதானா?" என்றார். "அவன் கூலி பத்தலன்னு படுத்துட்டான் மாப்ள. நான் கொல்லல," என்றாள் சின்னம்மா.

ஒரு கண் தப்பியது. இன்னொன்றில் நிழல்தான் தெரியும். டாக்டர் மருந்தும் பச்சைக் கண்ணாடியும் கொடுத்தார். அந்தக் கண்ணாடி பெரிசு, புருவம் வரை மறைத்தது. அதற்குப் பிறகு கடைசி வீட்டுக்காரி எவ்வளவு பார்த்தும் ஒன்றும் தெரியவில்லை.

சின்னம்மா எங்களோடேயே தங்கிவிட்டாள். அத்தை ஒரு நிபந்தனை போட்டாள். செவ்வாய் வெள்ளியில், பெண்கள் இருக்கிற வரைக்கும் வாய் திறக்கக் கூடாது. மற்ற நாளில் இரண்டு பேருக்கும் சண்டைதான்.

"என் படத்துக்கு வச்ச சுண்டல எனக்கே தர மாட்டேங்கிறீக, மதினி."

"அது ஆத்தாவுக்கு வச்சது. ஒங்களுக்கு ராத்திரிக் கஞ்சி இருக்கு."

அப்பா போன பிறகுதான் அம்மாவால் எங்கள் ஊருக்கு வர முடிந்தது. என் மகனுக்குக் காது குத்து. தலையில் கை வைத்துச் சத்தியம் வாங்கிய அம்மா, சீர்த் தட்டோடு வாசலில் நுழைந்தாள். முற்றத்தில் அவள் தங்கை பச்சைக் கண்ணாடியோடு உட்கார்ந்து என் மாமியாரோடு மொச்சை உரித்துக்கொண்டிருந்தாள். அம்மா தட்டோடு அப்படியே நின்றாள். என்னைப் பார்த்தாள். அத்தையைப் பார்த்தாள். என்ன பொய் சொல்வது என்று தேடுகிறாள் என்று எனக்குத் தெரிந்தது.

"உள்ள வாங்க, மதினி," என்றாள் அத்தை, மொச்சையிலிருந்து நிமிராமல். "ஒங்க வீட்டு ஆத்தாவ ரெண்டா வச்சுக் காப்பாத்திக்கிட்டிருக்கோம். மேல இருக்கவ பேச மாட்டேங்கிறா. கீழ இருக்கவ நிறுத்த மாட்டேங்கிறா."

அம்மா தட்டைக் கீழே வைத்தாள். சின்னம்மா பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். பச்சைக் கண்ணாடியை மெல்லக் கழற்றி, அந்தக் கண்ணைப் பார்த்தாள். அடுப்பும் இல்லை, புகையும் இல்லை. அம்மாவுக்குக் கண் நிறைந்துவிட்டது.

"அழுகாதக்கா," என்றாள் சின்னம்மா, சிமிட்டாமல். "கண்ணு கெட்டுப்போகும்."